போர்த்துக்கீசிய இலக்கணத்தில் கூற்றும் வினைத்தொடரும் முடிபுத்தொடரும்: ஒரு வரலாற்றாய்வு

1. பொருளும் நோக்கமும்

சொற்கள் ஒன்றோடொன்று இயைந்து பொருள் முடிவுபெறும் நிலையை ஆராய்தல் எம்மொழி இலக்கணத்திற்கும் பொதுவாகும். ஆயினும் அவ்வாறு இயைந்தவற்றை எவ்விடத்துப் பகுப்பது, பகுத்த உறுப்புகட்கு எப்பெயர் இடுவது என்பன மொழிதோறும் வேறுபடுகின்றன. ஒரு மொழியின் பாகுபாட்டைப் பிறிதொரு மொழியின் பெயர்களால் அறிய முற்படின் மயக்கமே விளையும். இவ்வுண்மையைப் போர்த்துக்கீசிய இலக்கண வரலாறு தெளிவாகக் காட்டுகின்றது.

ஆங்கில இலக்கணம் பயின்றார் 'பிரேசு', 'கிளாசு', 'சென்டென்சு' என்னும் மூன்று பெயர்களை நன்கறிவர். சிறியது, இடைப்பட்டது, பெரியது என்னும் வரிசையில் அவற்றைக் கற்பது வழக்கம். இம்மூன்று சொற்களுக்கும் உறவாகிய சொற்கள் போர்த்துக்கீசியத்தில் உள. அவை முறையே பிராசே, கிளாவுசுலா, செந்தென்சா என்பன. ஆனால் பிராசே என்பது அம்மொழியில் முழுமையான கூற்றைக் குறிக்கும். கிளாவுசுலா என்பது பொதுவழக்கில் ஒப்பந்த ஆவணத்தின் ஒரு விதியைக் குறிக்கும். செந்தென்சா என்பதற்கு நீதிமன்றத் தீர்ப்பு என்பதே பெருவழக்கான பொருள். ஒலியொப்புமையை நம்பிப் பொருள் கொள்வார்க்கு மூன்று இடத்தும் வழுக்கலே காத்திருக்கின்றது.

போர்த்துக்கீசிய இலக்கண மரபு தொடரைப்பற்றிப் பேசுங்கால் பிராசே, ஒராசௌன், பெரீயொது என்னும் மூன்று பெயர்களையே முதன்மையாக ஆள்கின்றது. இவற்றை இக்கட்டுரையில் முறையே கூற்று, வினைத்தொடர், முடிபுத்தொடர் என்று தமிழில் வழங்குவோம். ஆங்கிலத்தார் பிரேசு என்று கூறும் சொற்கூட்டத்திற்கு அம்மொழியில் சிந்தாகுமா எனவும், குழு எனவும் வேறு பெயர்கள் உள. அதனைச் சொற்குழு என்போம்.

தமிழாராய்ச்சியாளர்க்கு இதனால் ஆவது யாதெனின், தமிழுக்கு ஐரோப்பியர் இயற்றியவற்றுள் இன்று நமக்குக் கிடைப்பனவற்றில் முதல் இலக்கணம் போர்த்துக்கீசிய மொழியிலேயே எழுதப்பட்டது. அந்நூலையும் அதனையொட்டிய பிற ஏடுகளையும் பயில்வார் பலர் ஆங்கிலத்தின் வழியாகவே அணுகுகின்றனர். ஆங்கிலப் பாகுபாட்டைப் பதினாறாம் நூற்றாண்டுப் போர்த்துக்கீசியர்மேல் ஏற்றிக் கூறின், அவர் தமிழை எவ்வாறு கண்டனர் என்பதும் பிறழ்ந்துவிடும். ஆகவே அம்மூன்று பெயர்களும் எங்குத் தோன்றி எவ்வாறு இன்றைய பொருளை அடைந்தன என்பதை ஆராய்ந்து, அவை ஒரே பொருளின் மூன்று அளவுகளல்ல, மூன்று வேறு நோக்குகள் என்பதை நிறுவுதல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

2. மூன்று பெயர்களின் பிறப்பிடம்

இம்மூன்று பெயர்களும் ஒரு துறையிற் பிறந்தவை அல்ல. இதனை முதற்கண் உளங்கொள்ளல் வேண்டும்.

ஒராசௌன் என்பது இலத்தீனத்து 'ஒராத்தியோ' என்பதன் வழிவந்தது. கிரேக்க இலக்கண ஆசிரியர் தியோனீசியசு திராக்சு நிறைவான கருத்தைப் புலப்படுத்தும் சொற்சேர்க்கையை 'லோகோசு' என்றார். கி.பி. 500 அளவில் கான்சுத்தாந்திநோபிளில் இலத்தீன் கற்பித்த பிரிசியன், அதனையே ஒராத்தியோ எனக் கொண்டு, முறைப்பட இயைந்து நிறைபொருள் தரும் சொல்லமைப்பு என வரையறுத்தார். அவருடைய இலக்கணம் பதினெட்டு நூற்பகுதிகளை உடையது. இறுதி இரண்டு பகுதிகளே தொடரியலைப் பற்றியன. பெயர், வினை முதலிய சொல்வகைகளை 'ஒராத்தியோவின் உறுப்புகள்' என்று வழங்கியதும் இம்மரபேயாகும். அஃதாவது தொடர் என்பது சொல்வகைகளைப் பகுத்துக் காண்பதற்குரிய முழுப்பொருளாகக் கருதப்பட்டதேயன்றித் தானே ஆராய்ச்சிப் பொருளாகப் பெரிதும் கொள்ளப்படவில்லை.

ஒராத்தியோ என்னும் சொல் கிறித்தவ இலத்தீனத்தில் இறைவேண்டல் என்னும் பொருளையும் பெற்றது. போர்த்துக்கீசிய ஒராசௌனும் அவ்விரு பொருளையும் இன்றளவும் தாங்கி நிற்கின்றது. முத்துக்குளித்துறைப் பாதிரிமார் எழுதிய ஏடுகளில் இச்சொல்லைக் காண்பார் இலக்கணப் பொருளோ வழிபாட்டுப் பொருளோ என்பதை இடம் நோக்கித் துணிதல் வேண்டும்.

பெரீயொது என்பது அணியியலிற் பிறந்தது. கிரேக்கத்தில் அதன் பொருள் சுற்றிவரும் வழி என்பதாகும். அரிசுத்தாத்தில் தம் அணியியல் நூலின் மூன்றாம் பகுதியில், தன்னுள்ளேயே தொடக்கமும் முடிவும் உடையதாய், ஒரு நோக்கில் அடங்கும் அளவினதாய் அமைந்த உரையைப் பெரியோதோசு என்றார். அதன் உறுப்பு 'கோலோன்' எனப்பட்டது. வெட்டுண்ட சிறுதுண்டு 'கொம்மா' எனப்பட்டது. இவ்வுறுப்புப் பெயர்களே பிற்காலத்தில் நிறுத்தக்குறிகளின் பெயர்களாயின. ஆகவே முடிபுத்தொடர் என்பது முதலில் சொற்பொழிவாளன் மூச்சையும் கேட்போன் செவியையும் அளவுகோலாகக் கொண்டு எழுந்ததே தவிர, எழுவாய் பயனிலையை அளவுகோலாகக் கொண்டதன்று.

பிராசே என்பதும் அணியியற் சொல்லே. கிரேக்கர் பிராசிசு என்று கூறுவதை இலத்தீனர் சொல்நடை என்பர் எனக் குவிந்திலியன் குறித்துள்ளார். சொல்லும் முறை, சொல்லாட்சி என்பதே அதன் தொல்பொருள். மறுமலர்ச்சிக் காலத்துப் பள்ளிகளில் மாணாக்கர் திரட்டிவைத்த அழகிய சொல்லாட்சிகள் இப்பெயர் பெற்றன. அங்கிருந்து ஆங்கிலம் அதனைச் சொற்குழுவின் பெயராக்கிற்று. பிரெஞ்சும் போர்த்துக்கீசியமும் அதனை முழுக்கூற்றின் பெயராக்கின. ஒரு வேரினின்று கிளைத்த சொல் இருமொழியில் இருவேறு அளவினைக் குறிக்க நேர்ந்த வரலாறு இதுவாகும்.

3. பதினாறாம் நூற்றாண்டு: சொல்லின் ஆட்சி

போர்த்துக்கீசிய மொழிக்கு முதல் இலக்கணம் கண்டவர் பெர்னௌன் தெ ஒலிவெய்ரா. அவர் நூல் கி.பி. 1536-இல் இலிசுபனில் அச்சேறிற்று. ஐம்பது சிறு இயல்களையுடைய அந்நூல் ஒலியையும் எழுத்தையும் சொல்லாக்கத்தையும் நுணுகி ஆராய்கின்றது. தொடரமைப்பிற்கு இறுதியில் மிகச் சிறிய இடமே அளிக்கப்பட்டுள்ளது.

நான்கு ஆண்டுகளின்பின், கி.பி. 1540-இல், ஜோவௌன் தெ பாரோசு தம் இலக்கணத்தை வெளியிட்டார். ஆசிய நாடுகளில் போர்த்துக்கீசியர் செயல்களை விரித்துரைத்த வரலாற்றாசிரியரும் அவரே. எழுத்து, அசை, சொல், தொடரமைப்பு என்னும் இலத்தீன் மரபுப் பகுப்பினை அவர் பின்பற்றினார். அவர் கையாண்ட உவமை ஒன்று ஈண்டுக் கருதத்தக்கது. சதுரங்கப் பலகையில் எதிரெதிராக இரண்டு அரசர் நிற்பதுபோல் மொழியிலும் பெயர், வினை என்னும் இரண்டு அரசர் உளர் என்றார். பெயரரசனுக்குப் பெயர்ப்பதிலியும் வினையரசனுக்கு வினையடையும் அரசியராவர். ஏனைய சொல்வகைகள் அவ்விருவர்க்கும் ஏவலராவர்.

இவ்வுவமை அக்காலத்து நோக்கினை நன்கு விளக்குகின்றது. பலகையின்மேல் நிற்கும் காய்கள் எண்ணப்பட்டன. ஆட்டம் பெயரிடப்படவில்லை. பெயரும் வினையும் கூடினால் ஒராசௌன் ஆகும் என்பது பெறப்பட்டதே அன்றி, ஒரு பெருந்தொடருள் எத்தனை வினைத்தொடர்கள் உள, அவை தம்முள் எவ்வாறு உறவு பூண்டன என்னும் வினா எழவில்லை. முதன்மைத் தொடர், சார்புத் தொடர் என்னும் பாகுபாடு ஆட்சி பெறாத காலம் அது.

4. கருத்தியல் இலக்கணத்தின் வரவு

கி.பி. 1619-இல் அமாரோ தெ ரொபொரேதோ எல்லா மொழிக்கும் உரிய இலக்கண முறை என்னும் கருத்தமைந்த தலைப்புடன் ஒரு நூல் வெளியிட்டார். தாய்மொழி விளக்கத்திற் தொடங்கி இலத்தீனத்திற்கு மாணாக்கனை அழைத்துச் செல்வது அதன் நெறி. மொழிகள் அனைத்திற்கும் அடியில் பொதுவான ஓர் அமைப்பு உண்டு என்னும் எண்ணம் இதன்கண் தலைகாட்டுகின்றது.

அவ்வெண்ணத்திற்கு உறுதியான வடிவம் தந்தது பிரான்சு நாட்டுப் போர்த்து-ரோயால் இலக்கணமாகும். ஆர்னோவும் இலான்சலோவும் இயற்றிய அந்நூல் கி.பி. 1660-இல் வெளிவந்தது. புலப்படாத இறைவன் புலப்படும் உலகைப் படைத்தான் என்னும் கருத்துடைய ஒரு தொடரை எடுத்து, அதனுள் மூன்று துணிபுகள் அடங்கியுள்ளன என அந்நூலார் காட்டினர். இறைவன் புலப்படாதவன், இறைவன் உலகைப் படைத்தான், உலகம் புலப்படுவது என்பனவே அவை. இடையிலுள்ள ஒன்று முதன்மையானது, ஏனைய இரண்டும் அதனுட் செருகியவை. தொடருக்குள் தொடர் காணும் முறை இவ்வாறு அளவையியலினின்று இலக்கணத்தினுள் புகுந்தது. ஒரு நிலையில் மனம் கொள்ளும் துணிபே தொடரின் உயிர் என்பது இக்கொள்கை.

போர்த்துக்கல் நாட்டில் தாய்மொழி இலக்கணம் பள்ளிப் பாடமானது பொம்பால் அமைச்சரின் காலத்தில் ஆகும். இலத்தீன் கற்கத் தொடங்குமுன் மாணாக்கர் ஆறு திங்கள் தாய்மொழி இலக்கணம் பயிலல் வேண்டும் என்றும், அதற்கு ரெய்சு லொபாத்தோவின் நூலைக் கொள்ளல் வேண்டும் என்றும் கி.பி. 1770-ஆம் ஆண்டு செப்டம்பர் 30-ஆம் நாள் அரசாணை பிறந்தது. இவ்வாணையால் இலக்கணப் பெயர்கள் புலவர் குழாத்தினின்று வகுப்பறைக்கு வந்தன.

கருத்தியல் இலக்கணத்தின் முழுவடிவம் ஜெரோனிமோ சொவாரெசு பர்போசாவின் நூலிற் காணப்படுகின்றது. அவர் கி.பி. 1816-இல் மறைந்தார். நூல் கி.பி. 1822-இல் இலிசுபன் அறிவியற் கழகத்தால் வெளியிடப்பெற்றது. ஒராசௌனும் புரொபொசிசௌன் எனப்படும் துணிபுரையும் ஒன்றே எனவும், மனத்துணிபு சொல்லாக வெளிப்படுவதே அது எனவும் அவர் கொண்டார். பிரிசியன் காலத்து ஒராத்தியோ நிறைபொருள் தரும் சொற்சேர்க்கையாக இருந்தது. பர்போசாவின் ஒராசௌனோ துணிபு ஒன்றன் வடிவமாயிற்று. ஒரு முழுவுரையுள் பல துணிபுகள் அடங்கலாம் ஆதலின், ஒராசௌன் உறுப்பாகவும் பெரீயொது அவ்வுறுப்புகளைத் தாங்கும் முழுமையாகவும் பிரிந்து நிற்பதற்கு இடம் ஏற்பட்டது. பெயர் மாறவில்லை. பெயரின் உள்ளீடு மாறிவிட்டது. பழைய பெயர்களைப் புதிய பொருளோடு படிக்கும் பிழை இவ்விடத்தே தோன்றுவதாகும்.

5. பெயரீட்டு ஆணைகள்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இலக்கணிகள் தத்தம் விருப்பின்படி பெயரிட்டனர். பிரேசில் நாட்டில் கி.பி. 1881-இல் தம் இலக்கணத்தை வெளியிட்ட ஜூலியோ ரிபெய்ரோ, ஆங்கில இலக்கணிகளின் வழிநின்று செந்தென்சா என்பதனையே தொடரின் பெயராக்கினார். இவ்வாறு ஒரே பொருளுக்கு ஒராசௌன், புரொபொசிசௌன், செந்தென்சா எனப் பல பெயர்கள் வழங்கின. ஒரே பெயர் பல பொருளையும் குறித்தது. தேர்வெழுதும் மாணாக்கன் ஆசிரியர்க்கு ஆசிரியர் வேறுபட்ட பாகுபாட்டைக் கற்க வேண்டியவனானான்.

இம்மயக்கத்தை நீக்கும்பொருட்டுப் பிரேசில் கல்வி அமைச்சகம் கி.பி. 1959-ஆம் ஆண்டு சனவரி 28-ஆம் நாள் பிரேசிலிய இலக்கணப் பெயரீட்டை ஏற்று ஆணை பிறப்பித்தது. அந்தெனோர் நசேந்தெசு, செல்சோ கூஞா, ரோச்சா லீமா முதலிய அறிஞர்கள் அதனை வகுத்த குழுவில் இடம்பெற்றனர். அதன்படி, முடிபுத்தொடர் தனித்தொடர் எனவும் கூட்டுத்தொடர் எனவும் இருவகைப்படும். ஒரே வினைத்தொடரால் ஆகியது தனித்தொடர். ஒன்றற்கு மேற்பட்டவற்றால் ஆகியது கூட்டுத்தொடர். வினைத்தொடர் தனித்து நிற்பது, முதன்மையாவது, இணைவது, சார்ந்து நிற்பது என வகைப்படும். முன்னர் அளவையியற் பகுப்பு என்று வழங்கிய பயிற்சிக்குத் தொடரியற் பகுப்பு என்னும் பெயர் நிலைபெற்றது. கருத்தியல் இலக்கணத்தின் பிடி தளர்ந்ததை இப்பெயர் மாற்றமே உணர்த்தும்.

போர்த்துக்கல் நாடு கி.பி. 1967-இல் தனக்கெனப் பெயரீட்டாணை ஒன்றை வகுத்தது. கி.பி. 2004-இல் புதிய கலைச்சொற்றொகுதி ஒன்று ஆணையாக வந்து, கடும் எதிர்ப்பிற்கு உள்ளாகி, கி.பி. 2007-இல் நிறுத்திவைக்கப்பட்டது. திருத்தப்பெற்ற கலைச்சொல் அகராதி கி.பி. 2008-இல் வெளிவந்தது. இவ்வகராதியில் தனிக்கூற்று, கூட்டுக்கூற்று என்று பிராசே என்னும் பெயரே முதன்மை பெறுகின்றது. பிரேசிலில் கூட்டுப் பெரீயொது எனப்படுவது போர்த்துக்கல்லில் கூட்டுப் பிராசே எனப்படும். சொற்கூட்டம் அங்குக் குழு எனப்படும். பிரேசிலிய மொழியியலார் சிந்தாகுமா என்பதனை மிகுதியும் ஆள்வர். ஒரே மொழியின் இலக்கணமாயினும் நூல் எந்நாட்டது என்பதை நோக்காது பெயர்ப்பொருள் கொள்ளலாகாது.

6. மூன்றன் வேறுபாடு

வரலாறு இவ்வாறாகலின், இன்று ஆட்சியிலுள்ள வேறுபாட்டைச் சில எடுத்துக்காட்டுகளால் விளக்குவோம்.

'கெ பேலோ தீயா!' என்பது எத்துணை அழகிய நாள் என்னும் பொருளது. இதில் வினை இல்லை. ஆயினும் சொல்லுவோன் கருத்து நிறைவுற்றது. இசையும் இறுதியில் விழுந்து முடிவுற்றது. ஆகவே இது கூற்று. வினை இன்மையின் வினைத்தொடர் ஆகாது. பேச்சிடத்தில் இசையோடு நிறைவுறும் அலகே பிராசே என்னும் கருத்து, பிரேசிலில் அமைப்பியல் மொழியியலுக்கு வழிகண்ட மத்தோசோ காமராவால் வலியுறுத்தப்பட்டது. கி.பி. 1980-களில் வெளிவந்த செல்சோ கூஞா, லிந்துலி சிந்த்ரா ஆகிய இருவரின் பேரிலக்கணமும் கூற்றினை வினையின் உண்மை இன்மை நோக்காது நிறைபொருள் பற்றியே வரையறுக்கின்றது.

'ஒ பெஸ்கதோர் வொல்த்தோ' என்பது மீனவன் திரும்பினான் என்னும் பொருளது. இது கூற்று. ஒரு வினையை மையமாகக் கொண்டமையின் வினைத்தொடர். அவ்வொரு வினைத்தொடரோடு முடிந்தமையின் தனி முடிபுத்தொடர்.

'ஒ பெஸ்கதோர் கெ பர்த்தீயு தெ மஞ்ஞா வொல்த்தோ ஆ நொய்த்தே' என்பது காலையிற் புறப்பட்ட மீனவன் இரவில் திரும்பினான் என்னும் பொருளது. இதில் வினை இரண்டு. ஆதலின் வினைத்தொடரும் இரண்டு. முடிபுத்தொடர் ஒன்றே. 'ஆ நொய்த்தே' என்பது இரவில் என்னும் பொருளில் ஒரு சொன்னீர்மைப்பட்டு நிற்கும் சொற்குழு. அதனை லொகுசௌன் என்பர்.

வினையை எண்ணுதலும் கண்மூடி எண்ணுதல் அன்று. 'வை வொல்த்தார்' என்பது திரும்பப் போகின்றான் என்னும் பொருளில் இரு வினைச்சொற்களை உடையது. ஆயினும் முன்னது துணைவினையாய் நிற்றலின் இரண்டும் ஒரு வினையாகவே எண்ணப்படும். தமிழில் 'வந்துவிட்டான்' என்பதன்கண் வந்து என்பதைத் தனி எச்சமாக எண்ணாமை போன்றது இது.

இறுதியாக 'ஷோவே' என்னும் ஒரு சொல்லைக் காண்போம். மழை பெய்கின்றது என்பது பொருள். எழுவாய் இல்லை. ஒரு சொல்லே உளது. எனினும் அவ்வொரு சொல்லே கூற்றும் வினைத்தொடரும் முடிபுத்தொடரும் ஆகும். மூன்றும் அளவுபற்றிய பெயர்களாயின் ஒரு சொல் மூன்று பெயரையும் ஒருங்கே பெறுதல் இயலாது. பேச்சின் நிறைவு நோக்கின் கூற்று, வினையின் ஆட்சி நோக்கின் வினைத்தொடர், எழுத்தில் நிறுத்தக்குறியோடு முடியும் எல்லை நோக்கின் முடிபுத்தொடர் என்க. முதலாவது அணியியலில் சொல்லும் முறையாகவும், இரண்டாவது இலக்கணத்தில் பெயர்வினை இயைபாகவும், மூன்றாவது சொற்பொழிவில் சுற்றிமுடியும் எல்லையாகவும் பிறந்தமை மேலே காட்டப்பட்டது. பிறப்பிடத்து வேற்றுமை இன்றைய ஆட்சியிலும் மறையாது நிற்றல் காண்க.

7. எச்ச வடிவங்களும் இட விகுதியும்

வினைத்தொடரின் எல்லையைத் துணிவதில் போர்த்துக்கீசியர்க்குப் பெருஞ்சிக்கல் விளைத்தது அம்மொழியின் ஒரு தனிவடிவமாகும். ஏனைய ஐரோப்பிய மொழிகள் பெரும்பாலனவற்றில் காலமும் இடமும் காட்டாத வினைப்பெயர் வடிவம் விகுதி ஏலாது. போர்த்துக்கீசியத்திலும் அதன் உடன்பிறப்பாகிய காலீசியத்திலும் அவ்வடிவம் இட விகுதி ஏற்கும். ஷெகார் என்பது சேர்தல். ஷெகாரெஸ் என்பது நீ சேர்தல். ஷெகார்மோஸ் என்பது நாம் சேர்தல். ஷெகாரெய்ம் என்பது அவர் சேர்தல். 'எ போம் ஷெகார்மோஸ் சேதோ' என்றால் நாம் விரைவிற் சேர்தல் நன்று என்பது பொருள்.

இவ்வடிவத்தை எப்பொழுது ஆளுதல் வேண்டும் என்பதற்குப் பர்போசா ஒரு விதி வகுத்தார். அவ்வடிவத்தின் எழுவாய் முதன்மை வினையின் எழுவாயினின்று வேறாகுங்கால் விகுதி பெறும் என்றார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் செருமானிய அறிஞர் தீத்சு, அவ்வடிவத்தை முற்றுவினையாக மாற்றிக் கூற இயலுமிடத்து விகுதி பெறும் என்றார். இன்றைய இலக்கணிகள் இரண்டையும் முற்ற முடிந்த விதிகளாகக் கொள்வதில்லை. பெயரீட்டாணை இத்தகையவற்றைக் குறைவடிவ வினைத்தொடர் என வகுத்து, வினைப்பெயர், வினையெச்சம் போல்வது, எச்சப்பெயரடை என மூவகை வடிவங்களை அதன்கண் அடக்கிற்று.

தமிழ் மரபில் நின்று நோக்குவார்க்கு இஃது ஒரு நல்ல வினாவை எழுப்புகின்றது. தமிழில் இடம் காட்டும் விகுதி பெற்றது முற்று எனவும், பெறாதது எச்சம் எனவும் பொதுவாகக் கொள்கின்றோம். அவ்வளவுகோலால் அளப்பின் ஷெகார்மோஸ் என்பது முற்றாதல் வேண்டும். ஆயினும் அது தானே தொடரை முடிக்க வல்லதன்று. பிறிதொரு வினையை அவாவியே நிற்கும். இந்நிலை தமிழிலக்கணத்திற்கு முற்றிலும் புதிதன்று. 'வந்தனன் தொழுதான்' என்னுமிடத்து வந்தனன் என்பது முற்றின் வடிவொடு நின்று எச்சப்பொருள் தருதலை முற்றெச்சம் என நம் உரையாசிரியர் விளக்கினர். இட விகுதி உளதாயினும் முடிபு இல்லையாம் நிலையை அவர் கண்டறிந்து பெயரும் இட்டனர். வேறுபாடு ஒன்றுண்டு. முற்றெச்சம் காலம் காட்டும். போர்த்துக்கீசிய வடிவம் காலம் காட்டாது. வடிவம் வேறு, முடிபு வேறு என்னும் தெளிவு இரு மரபினர்க்கும் பொதுவாகும்.

சார்புத் தொடர்களுள் பெயரடையாய் வருவனவற்றை வரையறுப்பன, விளக்குவன எனப் போர்த்துக்கீசியர் பிரிப்பர். காற்புள்ளி இன்றி வருவது வரையறை. காற்புள்ளிகளுக்கிடையே வருவது விளக்கம். காலையிற் புறப்பட்ட மீனவன் மட்டும் திரும்பினான் எனப் பிறரை விலக்குவது முன்னது. மீனவன் ஒருவனே, அவன் காலையிற் புறப்பட்டவன் எனச் செய்தி கூட்டுவது பின்னது. போர்த்து-ரோயால் அறிஞர் வழி வந்த இவ்வேறுபாட்டைத் தமிழ் உரையாசிரியர் பிறிதினியைபு நீக்கிய விசேடணம், தன்னோடியைபின்மை நீக்கிய விசேடணம் என்னும் பெயர்களால் உணர்த்தினர். அடைமொழியைப்பற்றி எழுந்த பெயர்களேயாயினும் பெயரெச்சத் தொடர்க்கும் இவை நன்கு பொருந்தும்.

ஒற்றுமை கண்டவிடத்து வேற்றுமையை மறத்தலாகாது. 'அவன் புலவன்' என்பது தமிழில் எழுவாயும் பயனிலையும் குறைவற அமைந்த தொடர். எழுவாய் பெயர்கொண்டு முடிதலைத் தொல்காப்பியர் வேற்றுமையியலில் ஒரு முடிபாகவே எண்ணினார். போர்த்துக்கீசியத்தில் 'ஏலெ எ பொயேத்தா' என இடையே 'எ' என்னும் வினை வருதல் வேண்டும். வினையின்றேல் வினைத்தொடர் இல்லை என்னும் அவர் வரையறையைத் தமிழ்மேல் ஏற்றினால் 'அவன் புலவன்' என்பது வெறுங்கூற்றாகவே நின்றுவிடும். அது தமிழின் குறையன்று, அளவுகோலின் பொருந்தாமையே.

8. தமிழ் ஆய்விற்கு இதனாற் பயன்

போர்த்துக்கல்லில் வில்லா விசோசா என்னும் ஊரில் கி.பி. 1520-இல் பிறந்த என்றீக்கே என்றீக்கசு அடிகளார், கி.பி. 1546-இல் இந்தியாவிற்கு வந்து முத்துக்குளித்துறையில் பணியாற்றி, கி.பி. 1600-இல் மறைந்தார். தமிழ் அச்சு நூல்களாகிய 'தம்பிரான் வணக்கம்' கி.பி. 1578-இலும் 'கிரீசித்தியானி வணக்கம்' கி.பி. 1579-இலும் அவர் முயற்சியால் வெளிவந்தன. கி.பி. 1549 அளவில் அவர் தமிழுக்கு இயற்றிய இலக்கணம் கையெழுத்து வடிவில் இலிசுபன் தேசிய நூலகத்தில் உள்ளது. ஃகான்சு வெர்மீர் கி.பி. 1982-இல் அதனைப் பதிப்பித்தார். ஜீன் ஃகெயினும் வி. எசு. இராசமும் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பு கி.பி. 2013-இல் ஆர்வார்டு கீழ்த்திசை வரிசையில் வெளிவந்தது.

இந்நூலைப் பயன்கொள்ள இலத்தீன் இலக்கண அறிவு வேண்டும் எனவும், அஃது இல்லாதார் பாரோசின் போர்த்துக்கீசிய இலக்கணத்தைக் கற்றல் வேண்டும் எனவும் அடிகளார் அறிவுறுத்துகின்றார். இக்குறிப்பு நம் ஆராய்ச்சிக்கு உயிர்நிலையாகும். அடிகளார் தமிழை எக்கண்ணாடி கொண்டு நோக்கினார் என்பதை அவரே கூறிவிட்டார். அக்கண்ணாடி பெயரும் வினையும் இரண்டு அரசர்களாக நின்ற சதுரங்கப் பலகை. முதன்மைத் தொடர், சார்புத் தொடர் என்னும் பாகுபாடு அதனிடத்து இல்லை. பெயர்த் திரிபும் வினைத் திரிபும் அவர் நூலிற் பெரும்பகுதியைக் கவர்ந்திருத்தற்குக் காரணம் இதுவே. தமிழ் எச்சங்களின் தொடரியலை அவர் உணரத் தவறினார் எனக் குறைகூறல் முறையன்று. அக்காலத்து அவர் தம் தாய்மொழிக்கும் அத்தகைய பகுப்பு வகுக்கப்படவில்லை என்பதை முன்னரே கண்டோம்.

மற்றொரு பயனும் உண்டு. தமிழிலக்கணத்தில் வினைத்தொடர் எனத் தனிப்பெயர் இல்லாமை கண்டு, தமிழர் தொடரியலை ஆராய்ந்திலர் எனக் கூறுவாரும் உளர். முற்று, பெயரெச்சம், வினையெச்சம், முற்றெச்சம் என்னும் பெயர்கள் சொல்லின் பெயர்களேயாயினும் அவை ஒவ்வொன்றும் தான் கொள்ளும் முடிபினை உள்ளடக்கியே நிற்கின்றன. எச்சம் என்ற அளவில் எஞ்சிநிற்கும் ஒன்று உண்டு என்பதும், அதனை முடிப்பது பிறிதொன்று என்பதும் பெறப்படும். போர்த்துக்கீசியர் தொடருக்குப் பெயரிட்டு அதனுள் சொல்லைக் கண்டனர். தமிழர் சொல்லுக்குப் பெயரிட்டு அதன்வழித் தொடரைக் கண்டனர். ஒன்று மற்றொன்றின் குறைவடிவம் அன்று.

எனவே முதுகலை பயிலும் மாணவர் போர்த்துக்கீசிய ஏடுகளைக் கையாளுங்கால் மூன்றினை நெஞ்சில் நிறுத்துதல் நலம். ஒன்று, பெயரின் ஒலியை நம்பாது ஆட்சியை நோக்குக. இரண்டு, நூல் எழுந்த காலத்தையும் நாட்டையும் நோக்குக. 1540-ஆம் ஆண்டின் ஒராசௌனும் 1822-ஆம் ஆண்டின் ஒராசௌனும் 1959-ஆம் ஆண்டின் ஒராசௌனும் ஒரு பொருளன அல்ல. மூன்று, அவர் பாகுபாட்டினைத் தமிழ்மேல் ஏற்றுமுன் அதற்குரிய தமிழ்ப் பாகுபாடு வேறு பெயரில் உள்ளதோ என உரைகளிற் தேடுக. இவ்வாறு நோக்கின், நானூற்று எழுபது ஆண்டுகட்கு முன் கடற்கரைச் சிற்றூரில் அமர்ந்து ஓர் அயல்நாட்டார் தமிழைத் தம் மொழியால் விளக்க முயன்ற அரிய முயற்சியை அதன் உண்மை அளவில் மதிப்பிடல் நமக்கு இயலும்.